நெஸ்டர் ஹாவ்ரிஷ் உட்காராத பெட்டி

முதலில் பெட்டியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். அது புரிந்தால்தான் மற்றது புரியும்.

கனடாவில் எங்கள் ஊர் ரெட்வில்லோ. அதன் அரங்கத்தில் பனித்தளத்தின் ஓரமாக, கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் மூன்று பெட்டிகள் வரிசையாக இருக்கின்றன. பெட்டி என்றால் பலகையும் கண்ணாடியும் வைத்து அடைத்த சின்ன அறைதான், மேலே கூரை கிடையாது. இடதும் வலதும் தண்டனைப் பெட்டிகள். ஐஸ் ஹாக்கியில் ஒருவன் இன்னொருவன் காலை வாரிவிட்டால், மட்டையால் கொக்கி போட்டு இழுத்தால், நடுவர் விசில் ஊதிக் கையைக் காட்டுவார். அவன் வந்து பெட்டிக்குள் இரண்டு நிமிடம் உட்கார வேண்டும். அதுவரை அவன் அணி ஓர் ஆள் குறைவாக ஆடும். அதற்குள் எதிரணி கோல் போட்டுவிட்டால் தண்டனை அங்கேயே முடிந்தது, அவன் வெளியே வரலாம்.

நடுப்பெட்டி என்னுடையது. கடிகாரமும் மைக்கும் அதில் இருக்கின்றன. பள்ளிக்கூட அலுவலகத்திலிருந்து ஓய்வு பெற்ற பிறகு அந்த ஸ்டூலில் உட்கார்ந்தவள்தான். யாருக்கு எத்தனை நிமிடம் என்று மேலே பெரிய பலகையில் சிவப்பு விளக்கில் தெரியும்படி பொத்தானை அழுத்துவது என் வேலை. நடுவர் கை காட்டாமல் நான் அழுத்தியதே இல்லை. தண்டனைப் பெட்டிகளிலிருந்து பனித்தளத்துக்கு ஒரு கதவு, என் பெட்டிக்கு ஒரு கதவு. பின்பக்கமாக வெளியே போகிற வழி என் பெட்டிக்கு மட்டும்தான். அந்த வழியாகப் போனால் காபி விற்கும் கூடம், அதைத் தாண்டினால் வாசல்.

இனி நெஸ்டர் ஹாவ்ரிஷ்.

எங்கள் ஊரிலிருந்து போய் ஹாக்கிப் புகழ் மண்டபத்தில் பெயர் ஏறிய ஒரே ஆள் அவர். தடுப்பாட்டக்காரர். அதிகம் கோல் போட்டவர் இல்லை. அவர் பெயரைச் சொன்னால் எல்லோருக்கும் ஞாபகம் வருவது ஒன்றே ஒன்று: தொடர்ந்து மூன்று சீசன் அவர் தண்டனைப் பெட்டியில் உட்காரவே இல்லை. தடுப்பாட்டக்காரன் அப்படி இருப்பது என்பது, கசாப்புக் கடையில் மூன்று வருஷம் வேலை பார்த்து மேல்துணியில் கறை படாமல் வீட்டுக்குப் போவது மாதிரி.

ஊரில் ஒவ்வொரு நவம்பரிலும் படைவீரர் கூடத்தில் பெரோகி என்கிற உருளைக்கிழங்குக் கொழுக்கட்டை விருந்தும் வினாடி வினாவும் நடக்கும். கேள்வி எல்லாமே புகழ் மண்டபத்து ஆட்டக்காரர்களைப் பற்றி. இருபத்தொரு வினாடிக்குள் மூன்று கோல் போட்டவர் யார்? பில் மொசியென்கோ. ஆட்டத்துக்கு முன்னால் வாந்தி எடுத்துவிட்டே களமிறங்கிய கோல்காப்பாளர்? நம் மாகாணத்து க்ளென் ஹால். ஹாக்கி ஆடிக்கொண்டே நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருந்தவர்? ரெட் கெல்லி. பதில் எல்லோருக்கும் மனப்பாடம், ஆனாலும் யோசிப்பது மாதிரி முகத்தை வைத்துக்கொள்வார்கள். கடைசிக் கேள்வி மாறவே மாறாது. "அந்த மூணு சீசன்ல நெஸ்டர் ஹாவ்ரிஷுக்குக் கிடைச்ச தண்டனை எத்தனை நிமிஷம்?" கூடமே எழுந்து நின்று "பூஜ்யம்!" என்று கத்தும். நெஸ்டர் எழுந்து கையசைப்பார். அவர் தட்டில் பெரோகி ஆறிப்போயிருக்கும்.

அவர் மனைவி வேரா என் சிநேகிதி. கர்லிங் விளையாட்டில் ஒரே அணியில் ஆடியவர்கள் நாங்கள். வேராவுக்கு நுரையீரல் பழுது. எங்கள் ஊர்க் குளிரில் அவளால் வாசலைத் தாண்ட முடியவில்லை. அக்டோபரில் அவளை விக்டோரியாவில் இருக்கும் மகள் வீட்டுக்கு அனுப்பினார்கள். அங்கே கடல்காற்று, பனி அபூர்வம். வீட்டைப் பூட்டிவிட்டு ஒரு வாரத்தில் வருகிறேன் என்றார் நெஸ்டர்.

ஒரு வாரம் பிப்ரவரி வரை நீண்டது. வினாடி வினாவுக்கு நீங்கள் இல்லாமல் எப்படி என்றார்கள், இருந்தார். நெடுஞ்சாலையில் 'வாழும் புகழ் மண்டப வீரரின் ஊர்' என்று பெயர்ப்பலகை திறந்தார்கள், அதற்கும் இருந்தார். பிள்ளைகள் போட்டிக்கு இருந்தார். இரண்டு முறை விமான டிக்கெட் வாங்கி இரண்டும் வீணாய்ப் போயிற்று. அவர் நாக்கில் 'முடியாது' என்ற சொல்லுக்கு இடமில்லை. யாரும் அவரைக் கட்டிப்போடவில்லை, பாராட்டிக்கொண்டே இருந்தார்கள். எழுந்து போக முடியாதபடி பாராட்டினார்கள்.

பிப்ரவரியில் ஒரு நாள் கூட்டுறவுக் கடையின் காபி மேசையில் என் கண்ணெதிரே நடந்தது இது. ஊர்த் தலைவர் டெல்பர்ட் ஓஸ்ட்ரெம், உர வியாபாரி, டோனட்டைக் காபியில் தோய்த்துக்கொண்டிருந்தார்.

"டெல்பர்ட், நான் வெள்ளிக்கிழமை கிளம்பறேன்" என்றார் நெஸ்டர்.

"கிளம்புங்கண்ணே, யார் வேணாம்னா? சனிக்கிழமை மத்தியானம் பழைய ஆட்டக்காரங்க ஆட்டம். அதை மட்டும் முடிச்சுட்டுக் கிளம்புங்க."

"போன தடவையும் இதையேதான் சொன்னே."

"போன தடவை போர்டு திறப்பு. இது ஆட்டம். ரெண்டும் ஒண்ணா?"

"வேராவுக்கு உடம்பு..."

"அண்ணிக்கு என்ன, கடல்காத்து வாங்கிட்டு ஜோரா இருப்பாங்க. இந்த ஆட்டம் முடிஞ்சதும் ஏப்ரல்ல மாகாண அமைச்சர் வர்றார், அரங்கத்துக்கு உங்க பேரை வைக்கறோம். அதுக்கப்புறம் உங்களை யார் பிடிச்சு வைக்கப்போறா?"

நெஸ்டர் காபிக் கோப்பையை மேசையில் வைத்தார். கோப்பையை விட்ட கை மேசை விளிம்பை இறுகப் பிடித்தது. இப்போது கத்தப்போகிறார் என்று நினைத்தேன். கத்தட்டும் என்றும் நினைத்தேன்.

டெல்பர்ட் அந்தக் கையைப் பார்த்துவிட்டு, பக்கத்து மேசைக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்: "வேற ஒருத்தனா இருந்தா இந்நேரம் என் சட்டையைப் பிடிச்சிருப்பான். அண்ணனைப் பாருங்கய்யா! கோவம்னா என்னன்னே தெரியாது. சும்மாவா பூஜ்யம்!"

பக்கத்து மேசை கை தட்டியது. நெஸ்டர் சிரித்தார். அந்தச் சிரிப்பைப் பார்த்துவிட்டு நான் சர்க்கரைப் பொட்டலத்தைப் பிரிப்பது மாதிரி குனிந்துகொண்டேன்.

அன்று சாயங்காலம் அவருக்குப் பீட்ரூட் சூப் கொண்டுபோனேன். வேரா தொலைபேசியில் இருந்தாள். நெஸ்டருக்குக் காது மந்தம், அதனால் ஸ்பீக்கரில் போட்டிருந்தார். அவள் குரலுக்குப் பின்னால் ஏதோ ஒரு யந்திரம் ஒரே சீராக மூச்சு விட்டுக்கொண்டிருந்தது.

"அது என்ன சத்தம்?" என்றேன்.

"ஆக்சிஜன். மூக்குல குழாய் மாட்டிட்டாங்க. பாக்க யானைக்குட்டி மாதிரி இருக்கேன்" என்றாள் வேரா. பிறகு அவரைக் கூப்பிட்டாள். "கிழவா, கேக்குதா?"

"கேக்குது."

"சனிக்கிழமை ஆட்டமாமே? மக சொன்னா. டெல்பர்ட் ஃபேஸ்புக்ல உன் படம் போட்டிருக்கானாம்."

"அதுக்கப்புறம் வந்துடறேன், வேரா. ராத்திரி விமானத்துக்கு டிக்கெட் வாங்கிட்டேன்."

"மூணாவது டிக்கெட்." அவள் இருமி முடிக்கும்வரை நாங்கள் இருவரும் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தோம். "டாக்டர் என்ன சொன்னார்னு உனக்குத் தெரியும். எனக்கு நீ மருந்து ஊத்த வேணாம், ஒண்ணும் வேணாம். பக்கத்துல வந்து உக்காரு. ஒரு தடவை யாரையாவது எதிர்த்துப் பேசேன். என்ன ஆகிடும்? ரெண்டு நிமிஷம் உள்ள உக்கார வைப்பாங்க. அவ்வளவுதானே?"

நான் சூப்பை அடுப்பில் வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

சனிக்கிழமை மத்தியானம் ஆட்டம் தொடங்குவதற்கு முன் அவர் வண்டி அரங்கத்தின் பக்கச் சுவரோடு நின்றிருந்தது. எஞ்சின் உறைந்துவிடாமல் இருக்கக் கம்பியைச் சுவர் ப்ளக்கில் மாட்டியிருந்தார். முன்சீட்டில் ஒரு பயணப் பெட்டியும் வேராவின் தையல் கூடையும் இருந்தன. உள்ளே என் கண்ணாடியைத் தட்டினார்.

"மாவிஸ், உன் பின்கதவு பூட்டியிருக்குமா?"

"எதுக்குப் பூட்டறேன்? நடுவுல காபி வாங்க வேணாமா?"

"சரி" என்று போய்விட்டார்.

சிவப்பு அணியில் நெஸ்டர், ஐந்தாம் எண் ஜெர்சி. நீல அணியில் டெல்பர்ட். நடுவர் லைல், குழாய் ரிப்பேர்க்காரர். அவர்தான் ஆட்டத்துக்கு முன்னால் எல்லோரிடமும் சொன்னார், இது ஊர் ஆட்டம், எதற்காகவும் கடிகாரம் நிற்காது, இல்லாவிட்டால் கிழவர்கள் எல்லோரும் பனியிலேயே விறைத்துவிடுவார்கள் என்று.

முதலில் நான் அதைக் கவனிக்கவில்லை. நெஸ்டர் மெதுவாக, கால் அகட்டி, பழைய ஒழுங்கோடு ஆடிக்கொண்டிருந்தார். பிறகு ஒரு நீலச்சட்டைக்காரரின் இடுப்பில் மட்டையைக் கொக்கி போட்டு இழுத்தார். நன்றாகத் தெரிகிற மாதிரி. லைல் வேறு பக்கம் பார்த்தார். கொஞ்ச நேரம் கழித்து இன்னொருவரின் ஜெர்சியைப் பின்னாலிருந்து பிடித்து விடாமல் நின்றார். பிடிபட்டவர் திரும்பிப் பார்த்து, யார் என்று தெரிந்ததும், "மன்னிச்சுக்குங்கண்ணே, வழியில வந்துட்டேன்" என்றார்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. இந்த ஆள் பெட்டிக்குள் வரப் பார்க்கிறார்.

மூன்றாவது தடவை டெல்பர்ட்தான். பந்துக்குப் பதிலான ரப்பர் வட்டை மட்டையால் தள்ளிக்கொண்டு வேகமாக வந்தார். நெஸ்டர் ஒதுங்கி வழிவிட்டு, கடைசி நொடியில் மட்டையை அவர் கணுக்காலுக்கு இடையில் விட்டுத் திருகினார். டெல்பர்ட் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு வயிற்றிலேயே வழுக்கிப் போய் நேரே என் பெட்டிக்கு முன்னால் பலகையில் மோதி நின்றார். மோவாயில் ரத்தம்.

லைலின் கை பாதி தூரம் மேலே போயிற்று. அப்புறம் அந்தக் கை காதைச் சொறிந்தது.

"ஊது, லைல்" என்றார் நெஸ்டர்.

"எதுக்குண்ணே?"

"கண்ணு அவிஞ்சா போச்சு? காலை வாரினேன்!"

"அவரு வழுக்கிட்டாரு."

"டெல்பர்ட், நீயே சொல்லு. நான் வாரினேனா இல்லையா?"

டெல்பர்ட் பனியில் உட்கார்ந்தபடியே மோவாயைத் துடைத்துக் கையைப் பார்த்தார். நெடுஞ்சாலைப் பலகை, ஏப்ரல், அமைச்சர் எல்லாம் அவர் கண்ணுக்குள் ஓடியிருக்க வேண்டும். "நானேதான் விழுந்தேன்" என்றார். "ஸ்கேட் மொண்ணை. தீட்டவே இல்ல."

கூட்டம் கை தட்டியது. டெல்பர்ட் எழுந்து நொண்டிக்கொண்டே மேலே பார்த்துக் கத்தினார்: "அண்ணன் நம்மளோட விளையாடறார்!" எல்லோரும் சிரித்தார்கள். கைபேசிகள் மேலே எழுந்தன.

நெஸ்டர் யாரையும் பார்க்காமல் சறுக்கி வந்து தண்டனைப் பெட்டிக் கதவைத் திறந்து உள்ளே போய்ச் சாத்திக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்தார். சிரிப்பு இன்னும் பெரிதாயிற்று. எழுபத்தொன்பது வயதில் என்ன குறும்பு பாருங்கள் என்று பின்வரிசையில் ஒருத்தி சொன்னது எனக்கே கேட்டது. நாளைக்கே இது வினாடி வினாவில் ஒரு கேள்வியாகிவிடும். எதைச் செய்தாலும் அதையும் மடித்து அதே பெட்டிக்குள் வைத்துவிடுவார்கள்.

அந்தப் பெட்டிக்கும் என் பெட்டிக்கும் இடையிலுள்ள நடுக்கதவுக்கு மேலே ஒரு சின்னத் திறப்பு உண்டு. அதன் வழியாக அவர் முகம் தெரிந்தது. "மாவிஸ், பலகையில போடு."

"லைல் கை காட்டலையே."

"காட்ட மாட்டான்."

"காட்டாம நான் போட்டதே இல்ல, நெஸ்டர்."

"தெரியும்." தலைக்கவசத்தைக் கழற்றினார். தலையிலிருந்து ஆவி எழுந்தது. "முதல் சீசன் தற்செயலா நடந்தது. எனக்கே தெரியாது. கடைசி வாரத்துல ஒரு பத்திரிகைக்காரன் எண்ணி எழுதிட்டான். அடுத்த சீசன்ல ஒருத்தனை நல்லாவே இழுத்துட்டேன். விசில் வரும்னு நானே பெட்டிப் பக்கம் கிளம்பிட்டேன். பாதி தூரம் போயாச்சு. நடுவர் என்னைப் பாத்துச் சிரிச்சுட்டுப் போயிட்டார். திரும்பி வந்து ஆடினேன். அன்னையிலேருந்து எவனும் எனக்கு ஊதல. அங்கயும் ஊதல, இங்கயும் ஊதல."

வெளியே ஆட்டம் மறுபடி தொடங்கியிருந்தது. சிவப்பு அணியினர் அவர் வருவார் என்று காத்திருந்து, வராததால் ஆள் குறைவாகவே ஆடிக்கொண்டிருந்தார்கள். ஆனால் பலகையில் ஒன்றும் இல்லை. பலகையில் இல்லையென்றால் நடக்கவில்லை என்றுதான் எங்கள் ஊரில் அர்த்தம்.

எனக்கு அந்த யந்திரத்தின் மூச்சு ஞாபகம் வந்தது. வேரா பக்கத்து நாற்காலியைக் காலியாக வைத்துக்கொண்டு அந்தச் சத்தத்தைக் கேட்டபடி உட்கார்ந்திருப்பாள்.

பொத்தானை அழுத்தினேன். மேலே சிவப்பில் ஐந்து, பக்கத்தில் இரண்டு நிமிடம். மைக்கை எடுத்து எப்போதும் சொல்கிற வரிசையிலேயே சொன்னேன்: "சிவப்பு அணி, எண் ஐந்து, நெஸ்டர் ஹாவ்ரிஷ். காலை வாரியதற்காக இரண்டு நிமிடம்."

சிரிப்பு அப்படியே நின்றது. லைல் பாய்ந்து வந்து கண்ணாடியில் முகத்தை ஒட்டினார்.

"மாவிஸ்க்கா! யார் சொல்லிப் போட்டீங்க?"

"நான் பாத்தேன்."

"பாக்கறது என் வேலை."

"அப்போ பாத்திருக்கணும்."

"அழிங்கக்கா, தயவு பண்ணி."

"கடிகாரம் எதுக்கும் நிக்காதுன்னு நீதானே சொன்னே? நிறுத்தணும்னா விசில் ஊது. ஊதினா எதுக்குன்னு சொல்லணும்."

பின்னால் டெல்பர்ட் வந்துவிட்டார், மோவாயில் கைக்குட்டை. "ஏய் லைல், அது எரியுதுய்யா மேல! ஊரே படம் எடுக்குது! எதையாவது பண்ணி அணை!"

"நான் என்ன பண்ண முடியும்? நீங்க ஒரு கோல் போட்டா தானா அணைஞ்சிடும்."

லைல் வாயில் வந்ததைச் சொல்லிவிட்டார், அவ்வளவுதான். டெல்பர்ட் அதைப் பிடித்துக்கொண்டார். நொண்டிக்கொண்டே போய்த் தன் ஆட்களைக் கூப்பிட்டுக் கத்தினார். அதுவரை பனியில் உலாத்திக்கொண்டிருந்த நீல அணி திடீரென்று பேய் பிடித்தது மாதிரி ஆடியது. எதிரே ஓர் ஆள் குறைவு. இங்கே தட்டி, அங்கே தட்டி, கடைசியில் டெல்பர்ட்டே வட்டை வலைக்குள் திணித்தார். லைல் கோலுக்குக் கையை நீட்டினார், நீட்டாமல் இருக்க முடியாது. மேலே சிவப்பு ஐந்து அணைந்தது. டெல்பர்ட் கையைத் தூக்கிக்கொண்டு நின்றார். அது ஹாவ்ரிஷின் தண்டனையால் விழுந்த கோல் என்று கணக்கில் ஏறிவிட்டது, போட்டவர் தானேதான் என்பது அவருக்கு அந்தக் கை இறங்கும்போதுதான் புரிந்தது.

சிவப்பு அணியின் கோல்காப்பாளர் வெஸ் டைக், சுள்ளென்று பேசுகிற ஆள். முகமூடியைத் தூக்கி, பனித்தளத்தின் அந்தக் கோடியிலிருந்து கத்தினார்: "ஹாவ்ரிஷ்! கிழட்டு மாடே! உன்னாலதான்யா போச்சு! ஒழுங்கா ஆடத் தெரியலன்னா வீட்டுக்குப் போய்யா!"

மேல்வரிசையில் யாரோ ஊளையிட்டார்கள். இன்னொருவர் சேர்ந்துகொண்டார். எனக்கா அவருக்கா என்று தெரியவில்லை.

நெஸ்டர் பெஞ்சிலிருந்து எழுந்தார். "கேட்டியா? வீட்டுக்குப் போகச் சொல்றான்."

"கேட்டேன்."

பனிப்பக்கக் கதவை அவர் தொடவில்லை. நான் ஸ்டூலை நகர்த்தி நடுக்கதவைத் திறந்தேன். குனிந்து என் பெட்டிக்குள் வந்தார், ஸ்கேட்டின் இரும்பு ரப்பர் தரையில் தடுமாறியது. என் தோளைப் பிடித்து நிலைநின்று, பின்கதவு வழியாகப் போனார். கூடத்தில் அவர் பூட்ஸ் ஏற்கெனவே சுவரோரமாக இருந்தது. நான் மைக்கில் கோலை அறிவித்துக்கொண்டிருக்கும்போது வெளியே எஞ்சின் உறுமியது. ப்ளக்கைக் கழற்றினாரா என்று ஒரு கணம் பயந்தேன். கழற்றியிருந்தார்.

ஆட்டம் முடிந்ததும் டெல்பர்ட் மைக் கேட்டு வந்தார். "அண்ணன் எங்க? நாலு வார்த்தை பேசணுமே."

"தண்டனை முடிஞ்சது. வெளிய போயிட்டார்."

"வெளியன்னா?"

"சஸ்கட்டூன் விமான நிலையம்."

அந்த வாரமே டெல்பர்ட் கடிகாரச் சாவியைக் கேட்டு என் வீட்டுக்கு வந்தார். மோவாயில் தையல், கால் இன்னும் நொண்டல். அவர் தானே விழுந்தார் என்றுதான் ஊரில் இன்றைக்கும் பேச்சு. பலகை நெடுஞ்சாலையில் அப்படியே நிற்கிறது. அண்ணன் விடுமுறையில் போயிருக்கிறார் என்று வருகிறவர்களிடம் சொல்கிறார்கள்.

"குழுவுல முடிவு பண்ணிட்டாங்க, மாவிஸ்" என்றார். "நீங்க தங்கமான மனுஷி, கோவிச்சுக்க மாட்டீங்கன்னு எல்லாருக்கும் தெரியும்."

"கோவிச்சுக்குவேன்" என்றேன்.

அவர் சிரிக்கலாமா என்று பார்த்தார். நான் சிரிக்கவில்லை. சாவியைக் கொடுத்துவிட்டு, கதவை அவர் எதிர்பார்த்ததைவிடக் கொஞ்சம் பலமாகச் சாத்தினேன்.

ஒரு வாரம் கழித்து ஞாயிற்றுக்கிழமை வேரா கூப்பிட்டாள். யந்திரம் மூச்சு விட்டுக்கொண்டிருந்தது. குரல் போன வாரத்தைவிட மெலிந்திருந்தது, ஆனால் உள்ளே ஒரு சிரிப்பு.

"மாவிஸ், நேத்து என்ன நடந்துச்சு தெரியுமா? எதிர்வீட்டுக்காரன் நாய் விடிய விடியக் குரைச்சுது. இவர் போய்க் கத்திட்டு வந்துட்டார். தெருவே வேடிக்கை பாத்துச்சு. மக வெக்கப்பட்டு உள்ள ஓடிட்டா."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, அவன் இவரோட பேசறதில்ல."

பின்னாலிருந்து, மிகப் பக்கத்திலிருந்து, நெஸ்டரின் குரல் கேட்டது: "பேச வேணாம்னு சொல்லு!"

அவள் சிரிக்கப்போய் இருமினாள். நாற்காலி ஒன்று தரையில் இழுபட்டு அவளருகே நகர்ந்தது எனக்குக் கேட்டது.